பெயரை இழந்தவர், பெயர்களைக் கொடுத்தவர்

“தொலைக்காட்சித் தொடருக்குக் கதை பண்ணுகிறவனை எழுத்தாளன் என்று சொன்னால், சுவரொட்டி ஒட்டுகிறவனை ஓவியன் என்று சொல்ல வேண்டிவரும்.” இலக்கிய நண்பர்கள் சிலர் கூடியிருந்த இடத்தில் அண்மையில் ஒருவர் இப்படிச் சொன்னார். அவையில் சிரிப்பு எழுந்தது. நாமும் சிரித்தோம். வீடு திரும்பிய பிறகுதான் அந்தச் சிரிப்பில் நமக்குப் பங்கு இருந்திருக்கக் கூடாது என்பது உறைத்தது.

உறைத்ததற்குக் காரணம் நமது தொழில். ஆண்டுதோறும் முதுகலை வகுப்பில் குறுந்தொகையைத் தொடங்கும்போது செம்புலப்பெயனீரார், அணிலாடு முன்றிலார் என்ற பெயர்களைக் கரும்பலகையில் எழுதுகிறோம். இயற்பெயர் மறைந்துபோன புலவர்களுக்கு அவர்தம் பாட்டில் வரும் தொடரையே பெயராகச் சூட்டிய தொகுப்பாளர்களின் பண்பை மாணவர்களிடம் எடுத்துச் சொல்கிறோம். எழுதியவனை அடையாளமின்றி விட்டுவிடலாகாது என்ற அக்கறை நம் மரபில் அவ்வளவு பழையது என்று பெருமைப்படுகிறோம். அதே நாம், தொடர் முடிந்து எழுத்தாளனின் பெயர் திரையில் ஓடும்போது எழுந்து தண்ணீர் குடிக்கப் போகிறோம்.

சாகசத் தொடர் என்றால் அலட்சியம் இன்னும் ஓர் அங்குலம் கூடுகிறது. துரத்தல், துப்பாக்கி, தப்பித்தல் ஆகியவற்றை எழுதுவதற்கு ஆசிரியன் ஒருவன் வேண்டுமா என்பது நம் நினைப்பு. இந்நினைப்பு தவறு என்பது மட்டும் நமது கட்சியன்று. இது ஆபத்தானது, இதனால் ஆதாயம் அடைகிறவர்கள் இருக்கிறார்கள், எழுத்தாளனுக்கு இழைக்கப்பட்ட அநீதியையும் எழுத்தாளன் இழைத்த அநீதியையும் ஒருசேர மறைக்க இது உதவுகிறது. இதை நிறுவ ஒரே ஒரு மனிதரின் வாழ்க்கையை எடுத்துக்கொள்வோம். அவர் அமெரிக்கத் தொலைக்காட்சி எழுத்தாளர் ராய் ஹக்கின்ஸ்.

ஹக்கின்ஸ் 1914இல் வாஷிங்டன் மாநிலத்தில் பிறந்தவர். 1946இல் ‘தி டபுள் டேக்’ என்ற துப்பறியும் நாவலுடன் எழுத்துலகிற்கு வந்தார். மேலும் இரண்டு நாவல்கள், சில திரைக்கதைகள், 1952இல் தாமே எழுதி இயக்கிய ஒரு மேற்கத்தியப் படம். 1955இல் வார்னர் பிரதர்ஸ் நிறுவனத்தின் தொலைக்காட்சிப் பிரிவில் சேர்ந்தார். அதன் பிறகு அவர் கைபட்டு வந்தவற்றுள் சிலவற்றின் பெயரைச் சொன்னாலே அமெரிக்கச் சாகசத் தொடர்களின் வரலாறு பாதி சொன்னதாகும்: ‘மேவரிக்’ (1957), ‘77 சன்செட் ஸ்ட்ரிப்’ (1958), ‘தி ஃப்யூஜிட்டிவ்’ (1963), ‘ரன் ஃபார் யுவர் லைஃப்’ (1965), ஸ்டீஃபன் கன்னெலுடன் சேர்ந்து உருவாக்கிய ‘தி ராக்ஃபோர்ட் ஃபைல்ஸ்’ (1974). 2002இல், 87ஆம் வயதில் மறைந்தார்.

இவற்றுள் ‘மேவரிக்’கைச் சற்று நின்று பார்க்க வேண்டும். 1950களின் அமெரிக்கத் தொலைக்காட்சியில் மேற்கத்தியத் தொடர்கள் மலிந்து கிடந்தன. நாயகன் வாய் பேசாதவன், கை பேசுகிறவன். ஊருக்கு ஓர் அநீதி நேர்ந்தால் துப்பாக்கியை எடுப்பவன். ஹக்கின்ஸ் படைத்த பிரெட் மேவரிக் சீட்டாடிப் பிழைக்கிறவன். சண்டை வந்தால் பின்வாசல் எங்கே என்று பார்க்கிறவன். வீரத்தைக் காட்டிலும் உயிர் பெரிது என்று ஒளிவுமறைவின்றிச் சொல்கிறவன். ஒரு வகைமையின் உயிர்நாடியையே கேலிக்குள்ளாக்கி, அந்த வகைமைக்குள்ளேயே அதை வெற்றிபெறவும் செய்வது எளிய செயலன்று. இதற்காக அவர் தொட்ட மூலங்களும் சாதாரணமானவையல்ல. ஷெரிடனின் ‘தி ரைவல்ஸ்’ நாடகம் ஒரு வாரம் மேவரிக் கதையாக உருமாறியது. ஸ்டீவன்சன் தம் வளர்ப்பு மகனோடு இணைந்து எழுதிய ‘தி ரெக்கர்’ நாவல் இன்னொரு வாரம். இலக்கியத்தின் பக்கம் நாம் மூடிவைத்திருக்கும் கதவு, அந்தப் பக்கத்திலிருந்து எப்போதும் திறந்தே இருந்திருக்கிறது.

இனி அந்தப் படைப்பாளிக்கு நேர்ந்ததைப் பார்ப்போம்.

‘மேவரிக்’கிற்காக முதலில் எடுக்கப்பட்ட கதை ஹக்கின்ஸ் எழுதிய ‘பாயின்ட் பிளாங்க்’. ஆனால் முதலில் ஒளிபரப்பானது அதுவன்று. ஸ்டூடியோ ஏற்கெனவே உரிமை வாங்கி வைத்திருந்த ஒரு புத்தகத்தைத் தழுவிய வேறொரு கதையை முதலாவதாக ஒளிபரப்பினார்கள். முதற்கதை ஒரு புத்தகத்திலிருந்து வந்தது என்றால், தொடரும் அந்தப் புத்தகத்திலிருந்து வந்ததாகும். அப்படியானால் அதைப் ‘படைத்தவர்’ என்று ஒருவர் இருக்க முடியாது. அவருக்குப் பெயரும் தர வேண்டியதில்லை, பணமும் தர வேண்டியதில்லை. வரிசையை மாற்றியதன் சூட்சுமம் இவ்வளவுதான்.

அடுத்த ஆண்டு ‘77 சன்செட் ஸ்ட்ரிப்’ வந்தபோது சூட்சுமம் இன்னும் கூர்மையடைந்தது. அத்தொடரின் துப்பறிவாளன் ஸ்டூவர்ட் பெய்லி, ஹக்கின்ஸின் சொந்த நாவலில் பிறந்தவன். இங்கே வேறு புத்தகத்தைக் காட்ட வழியில்லை. எனவே தொடரின் முன்னோட்டமாக எடுக்கப்பட்டதைக் கரீபியன் தீவுப் பகுதியில் திரையரங்கில் சிறிது காலம் காட்டிவிட்டு, அதைத் திரைப்படம் என்று அறிவித்தார்கள். ஆகவே தொடர் ஒரு திரைப்படத்தைத் தழுவியது. படைத்தவர் என்று எவருமில்லை. நாவலாசிரியனின் மூளையில் பிறந்த பாத்திரம், தீவொன்றின் இருட்டறையில் ஓரிரு நாள் ஓடிய படச்சுருளின் பிள்ளையாகிவிட்டது.

‘மேவரிக்’ தொடரின் புகழ்பெற்ற கதை ஒன்று 1958இல் வந்தது. மாலை நேரத்தில் பிரெட் மேவரிக் தன் 15,000 டாலரை ஒரு வங்கியாளரிடம் கொடுத்து வைக்கிறான். மறுநாள் காலையில் கேட்டால், “நீங்கள் எதுவும் கொடுக்கவில்லையே” என்கிறார் அந்தப் பெரிய மனிதர். பிரெட் கூச்சலிடுவதில்லை. எதிரே ஒரு தாழ்வாரத்தில் நாற்காலியைப் போட்டு அமர்ந்து ஒரு மரத்துண்டைச் செதுக்கிக்கொண்டிருக்கிறான். கேட்கிறவர்களிடமெல்லாம், தன் பணத்தை மீட்கும் வேலையில்தான் ஈடுபட்டிருப்பதாகச் சொல்கிறான். ஊர் சிரிக்கிறது. அதற்குள் அவன் சகோதரனும் நண்பர்களும் வேறு வேடங்களில் வந்து வங்கியாளரை ஏமாற்றிப் பணத்தை மீட்டுவிடுகிறார்கள். தொடரில் இது நடந்தது. ஸ்டூடியோவில் நடந்தது வேறு. கொடுத்து வைத்ததை இல்லை என்று சாதித்த கனவான்களை எந்தச் சகோதரனும் வந்து வெல்லவில்லை. இரண்டாவது பருவம் முடிந்ததும் ஹக்கின்ஸ் ‘மேவரிக்’கை விட்டு விலகினார்.

1960ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அமெரிக்க எழுத்தாளர் சங்கம் வேலைநிறுத்தம் செய்தது. மறு ஒளிபரப்புக்கும் உரிய பங்கு வேண்டும் என்பது கோரிக்கைகளுள் ஒன்று. வார்னர் ஸ்டூடியோ கைவசமிருந்த பழைய கதைகளை எடுத்து, இடத்தையும் பாத்திரப் பெயர்களையும் மாற்றி, ஒரு தொடரின் கதையை இன்னொரு தொடரில் பயன்படுத்தியது. எழுத்தாளர் என்ற இடத்தில் ‘டபிள்யூ. ஹெர்மானோஸ்’ என்று போட்டார்கள். ஹெர்மானோஸ் என்பது ஸ்பானிய மொழியில் சகோதரர்கள். அதாவது வார்னர் சகோதரர்கள்! பிறர் எழுத்தை எடுத்துக்கொண்ட முதலாளி, ஆசிரியர் இடத்தில் தன் பெயரையே பொறித்துக்கொண்டு, அதையும் ஒரு வேடிக்கையாக்கினான்.

இதே வேளையில் இன்னொன்றும் நடந்தது. வேலைநிறுத்தத்தால் கதைகள் கிடைக்கவில்லை, ஆகவே படப்பிடிப்பு இல்லை என்று காரணம் காட்டி, மேவரிக்காக நடித்த ஜேம்ஸ் கார்னரின் ஊதியத்தை ஸ்டூடியோ நிறுத்தியது. அவர் வழக்காடி வென்றார். ஒப்பந்தத்திலிருந்து விடுதலை பெற்றார். வழக்கின் முடிவைவிட அங்கே ஸ்டூடியோ முன்வைத்த வாதம்தான் நமக்கு முக்கியம். எழுத்தாளர்கள் இல்லாவிட்டால் எங்களால் எதுவும் செய்ய இயலாது என்று நீதிமன்றத்தில் நின்று சொன்னார்கள். பணம் கொடுக்க வேண்டியபோது எழுத்தாளன் இல்லவே இல்லை. பணத்தை நிறுத்த வேண்டியபோது எழுத்தாளன் இன்றியமையாதவன். தொடருக்கு ஆசிரியன் ஏது என்று சிரிக்கிற நண்பர்கள், இந்த இரட்டை நாக்கில் எந்த நாக்கோடு தாம் சேர்ந்து பேசுகிறோம் என்பதைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும்.

இங்கே ஒரு மறுப்பு எழும். தொடர் என்பது பலர் கூடி உருவாக்குவது. கதையை ஒருவர் சொல்ல, உரையாடலை ஒருவர் எழுத, மூன்றாமவர் திருத்த, தயாரிப்பாளர் வெட்டுகிறார். இதில் ஆசிரியன் என்று யாரைச் சுட்டுவது? நியாயமான கேள்விதான். ஹக்கின்ஸே பல கதைகளைக் காரில் நெடுந்தூரம் சென்று ஒலிப்பதிவுக் கருவியில் பேசிப் பதிந்துவிட்டு, விரித்து எழுதும் பணியைப் பிறரிடம் ஒப்படைத்தார். அப்போது கதைக்கு அவர் இட்டுக்கொண்ட பெயர் ஜான் தாமஸ் ஜேம்ஸ். அவை அவருடைய மூன்று மகன்களின் பெயர்கள்.

ஆனால் பல கைகள் என்பதற்கும் கையே இல்லை என்பதற்கும் வேறுபாடு உண்டு. பல கைகள் சேர்ந்த ஆக்கத்தில் எது எவர் கை என்று பிரித்தறிவதுதான் நம் பணியே. இடைச்செருகல்களைக் களைந்து கவியின் குரலை மீட்க நம் பதிப்பாசிரியர்கள் வாழ்நாளைச் செலவிட்டார்கள். வாரந்தோறும் பக்க அளவுக்கு அடங்கி, ஆவலைத் தூண்டும் இடத்தில் ‘தொடரும்’ போட்டு எழுதப்பட்டவற்றையே நாவல் என்று இன்று விவாதிக்கிறோம். கல்கியின் ‘பொன்னியின் செல்வன்’ இலக்கியமா என்று சிற்றிதழ்கள் சண்டையிட்டன. அதை எழுதியது எவர் என்பதில் ஐயம் எழவில்லை. தரம் பற்றிய வழக்கு வேறு; உரிமை பற்றிய வழக்கு வேறு. மோசமான கவிதைக்கும் அதை எழுதிய கவிஞன் உண்டு.

ஹக்கின்ஸின் கை எது என்று அறிவதும் கடினமன்று. அவர் தொடர்புகொண்ட தொடர்களை வரிசையாக வைத்துப் பாருங்கள். ‘தி ஃப்யூஜிட்டிவ்’ நாயகன், மனைவியைக் கொன்றதாகப் பொய்யாகத் தண்டிக்கப்பட்டுத் தப்பியோடுகிறவன். ராக்ஃபோர்ட், செய்யாத குற்றத்திற்காகச் சிறையில் இருந்து மன்னிப்புப் பெற்று வந்த துப்பறிவாளன். ‘அலியாஸ் ஸ்மித் அண்ட் ஜோன்ஸ்’ என்ற தொடரைப் படைத்தவர் கிளென் லார்சன். ஆனால் ஹக்கின்ஸ் அதன் நிர்வாகத் தயாரிப்பாளராக இருந்து ஏராளமான கதைகளைத் தந்தார். அதன் நாயகர்கள் பழைய கொள்ளையர் இருவர். மன்னிப்பு கிடைக்கும் என்ற வாக்குறுதியை நம்பி, பொய்ப்பெயரில் ஒழுங்காக வாழ முயல்கிறவர்கள். குற்றம் சாட்டப்பட்டவன், பெயரை மாற்றிக்கொண்டவன், கடந்த காலம் துரத்துகிறவன் ஆகியோரிடம் இந்த எழுத்தாளர் மீண்டும் மீண்டும் போகிறார். தொழிற்சாலைக்கு இப்படித் திரும்பத் திரும்ப வரும் மனவுறுத்தல் இருக்காது. மனிதனுக்குத்தான் இருக்கும்.

இனி, ஹக்கின்ஸின் அபிமானிகள் விரைந்து கடந்துபோகும் பகுதிக்கு வருவோம்.

1952இல் ராய் ஹக்கின்ஸ், அமெரிக்கப் பிரதிநிதிகள் சபையின் அமெரிக்க விரோதச் செயல்கள் விசாரணைக் குழுவின் முன் நின்றார். ஒரு காலத்தில் அவர் கம்யூனிஸ்ட் கட்சியில் இருந்தவர். குழு அவரிடம் கேட்டது அவருடைய நம்பிக்கைகளை மட்டுமன்று, தோழர்களின் பெயர்களையும்தான். அவர் கொடுத்தார். ஏற்கெனவே பிறரால் சொல்லப்பட்ட பெயர்களையே தாம் சொன்னதாக அவர் தரப்பு விளக்கம் உண்டு. பின்னாளில் தாம் செய்ததைக் குறித்து வருந்தியும் பேசினார்.

அந்த விளக்கம் எவ்வளவு தாங்கும்? பெயர்கள் குழுவிடம் முன்பே இருந்தன. அப்படியிருந்தும் ஒவ்வொரு சாட்சியிடமும் ஏன் மீண்டும் கேட்டார்கள்? அவர்களுக்குத் தகவல் தேவைப்படவில்லை, தலைகுனிவு தேவைப்பட்டது. நேற்றுவரை ஒரே மேசையில் உண்ட நண்பனை ஊரறியக் காட்டிக்கொடுப்பவனே திருந்தியவன் என்பது அந்தச் சடங்கின் விதி. ஏற்கெனவே சொல்லப்பட்ட பெயரை இரண்டாம் முறை சொல்வது அந்தச் சடங்கிற்கு இரண்டாம் முறை உயிர்கொடுப்பதாகும். குடும்பம், பிழைப்பு, அச்சம் எல்லாம் உண்மை. வசதியான நாற்காலியில் அமர்ந்து, எழுபது ஆண்டுகள் கழித்து, அந்த இடத்தில் நாம் உறுதியாக நின்றிருப்போம் என்று சொல்லும் துணிவு நமக்கில்லை. ஆயினும் உறுதியாக நின்றவர்கள் இருந்தார்கள் என்பதை மறைப்பதற்கும் நமக்கு உரிமையில்லை.

நின்றவர்களுள் சிலரும் சாகசத் தொடர்தான் எழுதினார்கள் என்பது இந்த வரலாற்றின் விசித்திரம். 1955இல் இங்கிலாந்தில் ‘தி அட்வென்ச்சர்ஸ் ஆஃப் ராபின் ஹூட்’ தொடங்கியது. தயாரித்தவர் அமெரிக்காவிலிருந்து வெளியேறியிருந்த ஹன்னா வைன்ஸ்டீன். எழுதியவர்களுள் ரிங் லார்ட்னர் ஜூனியரும் இயன் மெக்லெல்லன் ஹன்டரும் இருந்தார்கள். லார்ட்னர், விசாரணைக் குழுவிற்குப் பதில் சொல்ல மறுத்ததற்காகச் சிறை சென்ற ‘ஹாலிவுட் பதின்மரில்’ ஒருவர். சொந்தப் பெயரில் எழுத வழியில்லை. பொய்ப்பெயர்களில் எழுதினார்கள். ஷெர்வுட் காட்டு மனிதர்கள் ஷெரிபின் ஒற்றர்களிடமிருந்து தோழனைக் காப்பாற்றும் கதைகளை 143 வாரக் கதைகள் கொண்ட அந்தத் தொடர் வீடுதோறும் கொண்டுசென்றது. அமெரிக்காவிலும் அது ஒளிபரப்பானது. அந்நாட்டின் கூடத்தில் அமர்ந்து குழந்தைகள் கைதட்டியது, அந்நாடு எழுதக் கூடாது என்று தடுத்த மனிதர்களின் எழுத்துக்கு. துரத்தலும் தப்பித்தலும் சின்னப்பிள்ளைகளின் சமாச்சாரம் என்ற நம் இளக்காரம் அந்தத் தணிக்கையாளர்களுக்கும் இருந்ததால்தான் அந்த எழுத்து கண்ணில் படாமல் நுழைய முடிந்தது போலும்.

பெயர்களைக் கொடுக்க மறுத்தவர்கள் தம் பெயரை இழந்தார்கள். பெயர்களைக் கொடுத்தவர் தம் பெயரில் வேலை செய்யும் உரிமையைக் காத்துக்கொண்டார். ஐந்து ஆண்டுகளுக்குள் அவர் பெயரையும் ஸ்டூடியோ எடுத்துக்கொண்டது. இதைப் பழமொழிக் கணக்கில் ‘வினை விதைத்தவன் வினை அறுப்பான்’ என்று முடித்துவிட நமக்கு விருப்பமில்லை. ஓர் அநீதி இன்னோர் அநீதிக்கு ஈடாகாது. ஸ்டூடியோ செய்தது தண்டனையன்று, திருட்டு. ஹக்கின்ஸ் குற்றமற்றவராக இருந்திருந்தாலும் அது நடந்திருக்கும்.

இவ்வளவும் மனத்தில் இருக்க, ‘தி ஃப்யூஜிட்டிவ்’ தொடரைப் பாருங்கள். டாக்டர் ரிச்சர்ட் கிம்பிள் வாரம் ஓர் ஊருக்கு வருகிறான். வாரம் ஒரு பொய்ப்பெயர், வாரம் ஒரு கூலிவேலை. எவரோ அவனை அடையாளம் காண்கிறார்கள். அப்போது அந்த ஊரின் சாதாரண மனிதர் ஒருவர் முன் ஒரு கேள்வி வந்து நிற்கிறது: காட்டிக்கொடுப்பதா, மறைப்பதா? காவல் அதிகாரி ஜெரார்டு கெட்டவர் அல்லர். சட்டம் சொன்னதைச் செய்கிறவர். சட்டமே தவறிவிட்டால் ஒரு மனிதன் யாருக்குக் கட்டுப்பட்டவன் என்பதை நான்கு ஆண்டுகள், 120 வாரக் கதைகளாக, ஓர் அமெரிக்கத் தொடர் கேட்டது. 1967 ஆகஸ்ட் 29 அன்று இறுதிக் கதை ஒளிபரப்பானபோது அதுவரை எந்தத் தொடரும் பெறாத பார்வையாளர் கூட்டம் அதைப் பார்த்தது.

இது அவருடைய பிராயச்சித்தமா? அப்படிச் சொல்லிவிட ஆசை எழுகிறது. அடக்கிக்கொள்ள வேண்டும். இத்தொடரின் பிறப்புக்கு அவர் சொன்ன காரணம் வேறு. மேற்கத்தியக் கதைகளின் நாடோடி நாயகனுக்கு இருந்த கட்டற்ற அலைதலை நிகழ்கால அமெரிக்காவிற்குக் கொண்டுவர விரும்பினார். வீடும் விலாசமும் இல்லாமல் ஊர் ஊராகத் திரிகிறவனை இக்காலத்தில் எவரும் நம்பமாட்டார்கள், அவன் தப்பியோடுகிறவனாக இருந்தாலொழிய. தொழில் தெரிந்த எழுத்தாளனின் தெளிவான காரணம் இது, ஏற்கத்தக்கதே. தொடரை நாள்தோறும் நடத்தியவரும் அவரல்லர். தயாரித்தவர் குவின் மார்ட்டின். இறுதிக் கதையை எழுதியவர்கள் ஜார்ஜ் எக்ஸ்டீன், மைக்கேல் ஜாகர் ஆகியோர். அந்த இறுதிக் கதையில், கொலையை நேரில் கண்டும் அச்சத்தால் உறைந்து, பிறகு வெட்கத்தால் வாய்மூடியிருந்த அண்டைவீட்டுக்காரன் ஒருவன் வெளிப்படுகிறான். போரில் வீரன் என்று பெயர் வாங்கியவன் அவன். அவனை ஹக்கின்ஸின் நிழல் என்று வாசித்தால் அழகாகத்தான் இருக்கும். ஆனால் அவனை எழுதியவை வேறு கைகள். எவர் கை எது என்று பிரித்தறிய வேண்டும் என்று மேலே நாமே சொன்னோம். நமக்கு வசதியான இடத்தில் அதை மறக்கலாகாது.

நாம் சொல்வது இவ்வளவே. காட்டிக்கொடுப்பதா என்ற கேள்வியை வாரந்தோறும் எழுப்புவதற்கான கதைச்சட்டத்தைச் செய்தவர், அந்தக் கேள்விக்கு ஒருமுறை வாழ்க்கையில் விடை சொன்னவர். படைப்பையும் வாழ்வையும் அருகருகே வைத்து வாசிக்க நமக்கு உரிமையுண்டு. ஒன்றைக் கொண்டு மற்றதைக் கழுவ உரிமையில்லை. ‘தி ஃப்யூஜிட்டிவ்’ எவ்வளவு நல்ல தொடராக இருந்தாலும், 1952இல் சொல்லப்பட்ட ஒரு பெயரையும் அது திரும்ப எடுத்துக்கொள்ளவில்லை.

இப்போது அந்தச் சிரிப்புக்குத் திரும்புவோம். தொடருக்கு ஆசிரியன் இல்லை, எல்லாம் தொழிற்சாலைச் சரக்கு என்றால், ஸ்டூடியோ எதையும் திருடவில்லை. திருடுவதற்கு அங்கே எதுவும் இல்லை. அதே போல, பொறுப்பேற்கவும் அங்கே எவரும் இல்லை. எழுத்தாளன் இல்லாத எழுத்தை எந்த மனச்சான்றோடும் ஒப்பிட்டுப் பார்க்க முடியாது. மாறாக, அபிமானி செய்வதும் இதற்கு அடுத்த வீட்டு வேலைதான். ‘மேவரிக்’கைக் கொடுத்தவரின் பழைய கதையை ஏன் கிளறுகிறீர்கள் என்கிறார் அவர். எழுத்தைப் புகழும்போது மட்டும் ஆசிரியன் வேண்டும். கணக்குக் கேட்கும்போது வேண்டாம். இளக்காரமும் வழிபாடும் இரண்டு திசைகளிலிருந்து வந்து ஒரே செயலைச் செய்கின்றன. இரண்டும் மனிதனை நீக்கிவிடுகின்றன.

ஒருவரை எழுத்தாளர் என்று ஏற்பது அவருக்கு மாலை போடுவதாகாது. உரியதைக் கொடுப்பதும் உரியதைக் கேட்பதும் சேர்ந்ததே அந்த ஏற்பு. ஹக்கின்ஸுக்கு இரண்டுமே காலந்தாழ்ந்து வந்தன. 1993இல் ‘தி ஃப்யூஜிட்டிவ்’ திரைப்படமாக வெளிவந்து சிறந்த படத்திற்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்றபோது, பாத்திரங்களைப் படைத்தவர் என்ற இடத்தில் அவர் பெயர் இருந்தது. டால்டன் டிரம்போவின் ‘ரோமன் ஹாலிடே’ கதைக்கு ராபின் ஹூட் எழுத்தாளர் ஹன்டர் தம் பெயரைக் கொடுத்து மறைத்திருந்தார். 1953ஆம் ஆண்டின் அந்தப் படத்தில் டிரம்போவின் பெயரை எழுத்தாளர் சங்கம் மீட்டுக் கொடுத்தது 2011இல். டிரம்போ 1976இலேயே இறந்துவிட்டார்.

இது பழங்கதை என்று எவரேனும் எண்ணினால், 2023ஐப் பார்க்கட்டும். அவ்வாண்டு மே 2 முதல் செப்டம்பர் 27 வரை 148 நாட்கள் அமெரிக்கத் திரை எழுத்தாளர்கள் வேலையை நிறுத்தினார்கள். முக்கியக் கோரிக்கைகளுள் ஒன்று, செயற்கை நுண்ணறிவு எழுத்தாளன் இடத்தில் அமரக் கூடாது என்பது. முடிவில் ஏற்பட்ட ஒப்பந்தம், எந்திரம் உருவாக்கியதை ‘இலக்கியப் படைப்பு’ என்று கருதலாகாது என்கிறது. தொடர்களுக்கான எழுத்தைச் சுட்ட அந்த ஒப்பந்தங்கள் வழங்கிவரும் சொல் அதுதான்: இலக்கியப் படைப்பு. நாம் தர மறுத்த பட்டத்தை, கணக்கும் வழக்குமான ஒரு தொழிற்சங்க ஆவணம் கொடுத்திருக்கிறது. டபிள்யூ. ஹெர்மானோஸ் இன்னும் ஓய்வுபெறவில்லை. அவர் இப்போது வேறு உடையில், சம்பளம் கேட்காத கணினியாக வந்து நிற்கிறார். எழுதியவன் யாராக இருந்தால் என்ன என்று வாசகன் சொல்லத் தொடங்கும் நாளுக்காகத்தான் அவர் காத்திருக்கிறார்.

அந்த நாளை நம் வாயாலேயே அழைத்துவர வேண்டாம். சாகசத் தொடரை எவரும் விரும்ப வேண்டும் என்று நாம் வற்புறுத்தவில்லை. மோசமாக இருந்தால் மோசம் என்று எழுதுங்கள். ஆனால் அதை எழுதியவரின் பெயரைச் சொல்லி எழுதுங்கள். பெயர் தெரியாத புலவனுக்குப் பாட்டிலிருந்தே பெயர் எடுத்துக் கொடுத்தவர்கள் நம் முன்னோர். நமக்கு அவ்வளவு வேலைகூட இல்லை. பெயர் எதிரே திரையில் ஓடுகிறது. அது ஓடி முடியும்வரை எழாமல் உட்கார்ந்திருந்தால் போதும்.